எந்த மல்லியை நடுவது?

நர்சரியில் போய் "மல்லிச் செடி ஒண்ணு வேணும்" என்று கேட்டால், "எந்த மல்லி?" என்று திருப்பிக் கேட்பவர் நல்ல கடைக்காரர். பலர் கேட்பதில்லை, கைக்கு எட்டியதை எடுத்துக் கொடுத்துவிடுகிறார்கள். குண்டுமல்லி, ஜாதிமல்லி, ஊசிமல்லி, அடுக்குமல்லி, கொடிமல்லி, நித்தியமல்லி, பவளமல்லி, மரமல்லி, ரங்கூன் மல்லி என்று நம் ஊரில் மல்லி என்ற பெயரைத் தாங்கி நிற்கும் செடிகள் ஏராளம். இவற்றில் ஒன்று தொட்டிக்குள் இடுப்பளவு வளர்ந்து அடங்கிவிடும். இன்னொன்று நாலு மாடிக் கட்டடத்தை எட்டிப் பார்க்கும். ஒன்றின் பூவைத் தலையில் வைக்கலாம், இன்னொன்றின் பூவைத் தரையிலிருந்துதான் பொறுக்க வேண்டும். பெயரை மட்டும் நம்பி வாங்கினால், இரண்டு வருடம் தண்ணீர் ஊற்றிய பிறகுதான் நாம் நினைத்த செடி இது இல்லை என்று தெரியவரும்.

வாங்கும் முன் இரண்டு விஷயங்களை முடிவு செய்துகொள்ளுங்கள். செடி நிற்கப்போகும் இடம் எது, அங்கே எத்தனை மணி நேரம் வெயில் விழுகிறது என்பது முதலாவது. பூத்த பூவை என்ன செய்யப்போகிறீர்கள் என்பது இரண்டாவது. தொடுத்துத் தலையில் வைப்பதற்கா, சாமிக்குப் போடுவதற்கா, அல்லது ராத்திரி ஜன்னலைத் திறந்தால் வாசனை வந்தால் போதுமா? இந்த இரண்டுக்கும் பதில் தெரிந்துவிட்டால் எந்த மல்லி என்பது பெரும்பாலும் தானாகவே முடிவாகிவிடும்.

தாவரவியல்படி பார்த்தால் குண்டுமல்லி, ஜாதிமல்லி, முல்லை, காக்கடா ஆகியவைதான் உண்மையான மல்லிகைகள், ஜாஸ்மினம் என்ற ஒரே பேரினத்தைச் சேர்ந்தவை. பவளமல்லி அதே குடும்பம், ஆனால் வேறு பேரினம். மரமல்லிக்கும் ரங்கூன் மல்லிக்கும் மல்லிகையோடு எந்த உறவும் கிடையாது, வெள்ளைப் பூவும் வாசனையும் இருப்பதால் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது.

முதலில் குண்டுமல்லி. ஜாஸ்மினம் சம்பக் என்பது இதன் அறிவியல் பெயர். மதுரை மல்லி என்று 2013இல் புவிசார் குறியீடு பெற்றது இந்த வகைதான். பிலிப்பைன்ஸின் தேசிய மலரும் இதே செடியின் பூதான். மதுரை, திண்டுக்கல், தேனி, விருதுநகர், சிவகங்கை வட்டாரங்களில் விளையும் பூவுக்கு இருக்கும் தடித்த இதழும் நின்று மணக்கும் வாசனையும் அந்த மண்ணோடும் தட்பவெப்பத்தோடும் சேர்ந்தவை. தோட்டங்களுக்குப் போகும் பதியன் கன்றுகளில் பெரும்பங்கு ராமநாதபுரம் மாவட்டத்தின் தங்கச்சிமடம் பக்கத்து மணற்பாங்கான நிலத்தில் வேர் பிடித்து வருபவை. ஆகவே "ஒரிஜினல் மதுரை மல்லி" என்று சொல்லிக் கூடுதல் விலை கேட்டால் தயங்குங்கள். ராமநாதபுரம் குண்டுமல்லிக் கன்று என்றால் அதுவே போதும், நல்ல செடிதான்.

மொட்டை மாடிக்கு இதைவிடப் பொருத்தமான மல்லி கிடையாது என்பது என் உறுதியான கருத்து. சுள்ளென்ற வெயில்தான் இதற்குப் பிடிக்கும். மற்ற பூச்செடிகள் சித்திரை வெயிலில் வாடிச் சாயும்போது இது மொட்டு வைக்கும். குறைந்தது ஆறு மணி நேரம் நேரடி வெயில் வேண்டும். பால்கனியில் இரண்டு மணி நேரம் சாய்வெயில் மட்டும் வருகிறது என்றால் இலைகள் பச்சைப்பசேல் என்று இருக்கும், பூ வராது. "செடி நல்லாத்தான் இருக்கு, பூக்கவே மாட்டேங்குது" என்று சொல்லப்படும் குண்டுமல்லிகளில் பெரும்பாலானவற்றின் சிக்கல் இதுதான். உரத்தை மாற்றிப் பயனில்லை, தொட்டியை இடம் மாற்ற வேண்டும்.

குண்டுமல்லி வாங்குபவர் கவாத்து செய்யத் துணிவுள்ளவராக இருக்க வேண்டும். மொட்டுகள் புதிதாக வரும் தளிரின் நுனியில்தான் வைக்கும். பழைய கிளைகளை அப்படியே விட்டால் செடி நீண்டுகொண்டே போகும், பூ குறைந்துகொண்டே வரும். வயலில் நவம்பர் கடைசியில் தரையிலிருந்து சுமார் 50 செ.மீ. உயரம் விட்டு எல்லாவற்றையும் வெட்டிவிடுவார்கள். தொட்டிச் செடிக்கும் அதே காலம்தான், உயரத்தைத் தொட்டிக்கு ஏற்றபடி வைத்துக்கொள்ளலாம். வெட்டிய பிறகு தொழு உரமும் கொஞ்சம் வேப்பம் புண்ணாக்கும் போட்டு மண்ணைக் கிளறி விட்டால், மாசி பங்குனியில் தளிர் வந்து பூக்கத் தொடங்கும். பிறகு புரட்டாசி வரை விட்டு விட்டுப் பூக்கும். ஒவ்வொரு சுற்று பூத்து முடிந்ததும் நுனிகளைக் கிள்ளி விட்டால் அடுத்த சுற்று சீக்கிரம் வரும்.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். போர் தண்ணீர் உப்பாக உள்ள இடங்களில் இலை வெளுத்து மஞ்சளாகும், நரம்பு மட்டும் பச்சையாகத் தெரியும். இது இரும்புச்சத்துக் குறைவு. அன்னபேதி உப்பை (இரும்பு சல்பேட்) லிட்டர் தண்ணீருக்கு 5 கிராம் கலந்து இலையில் தெளித்தால் தேறும். மொட்டுகள் விரியாமல் ஊதா நிறமாகி உதிர்ந்தால் மொட்டுப்புழுவோ மொட்டு ஈயோ இருக்கிறது என்று அர்த்தம். அந்த மொட்டுகளைப் பறித்துத் தூரப் போடாமல் அழித்துவிட வேண்டும், ஏனென்றால் ஈயின் புழு மண்ணில் விழுந்து கூட்டுப்புழுவாகித் திரும்பவும் வரும். அப்புறம் இன்னொன்று: தொட்டியில் உள்ள ஒற்றைச் செடியை நம்பித் தினமும் ஒரு முழம் தொடுக்க முடியாது. தினசரி தலைக்கு வேண்டும் என்றால் நாலைந்து செடியாவது வேண்டும். மார்கழி, தை மாதங்களில் அதுவும் கிடைக்காது. பனியில் குண்டுமல்லி முடங்கிவிடும். அந்த மாதங்களில் மாட்டுத்தாவணி, நிலக்கோட்டை பூச்சந்தைகளில் கிலோ ஆயிரக்கணக்கில் ஏறுவது இதனால்தான். சந்தைக்கு இல்லாத பூ உங்கள் மாடியிலும் இருக்காது.

மண்ணில் இடம் இருப்பவர்களுக்குத்தான் தேர்வு விரிவாகிறது. காம்பவுண்டுச் சுவரை ஒட்டி ஐந்தாறு அடி கிடைத்தால் ஜாதிமல்லியா முல்லையா என்று யோசிக்கலாம். ஜாதிமல்லியைக் கன்னியாகுமரி, திருநெல்வேலிப் பக்கம் பிச்சி என்பார்கள். ஓணத்துக்குத் தோவாளைச் சந்தையிலிருந்து கேரளத்துக்குக் கூடைகூடையாகப் போவதில் இந்தப் பிச்சியும் உண்டு. மொட்டின் வெளிப்பக்கத்தில் இளஞ்சிவப்பு ஓடியிருக்கும், இதழ் நீளமாக இருக்கும். வாசனை குண்டுமல்லியைவிட மென்மையானது, ஆனால் காற்றில் அதிக தூரம் போகும். வாசனைத் திரவியத் தொழிற்சாலைகள் பெரிய அளவில் வாங்குவதும் இதைத்தான். அவர்களுக்கு மொட்டு வேண்டாம், விரிந்த பூதான் வேண்டும், ஆகவே விடியற்காலையில் விரிந்த பூவாகப் பறிப்பார்கள். தலைக்கு வைப்பதற்கு என்றால் மொட்டாகப் பறிக்க வேண்டும். காம்பு நீளமாக இருப்பதால் தொடுக்கப் பழகாத விரல்களுக்குக்கூட இது எளிது. பிள்ளைகளுக்குப் பூத்தொடுக்கச் சொல்லிக் கொடுக்க வேண்டுமானால் பிச்சியில் தொடங்குங்கள்.

ஆனால் ஜாதிமல்லி அடங்கி நிற்காது. கிளைகள் வளைந்து நீண்டு, தரையைத் தொட்டு, பக்கத்துச் செடி மேல் ஏறி, ஒரு பெரிய புதராகிவிடும். வயலில் இரண்டு மீட்டர் இடைவெளி விட்டு நடுவதற்குக் காரணம் அதுதான். வருடத்துக்கு ஒருமுறை டிசம்பர் கடைசியில் கடுமையாக வெட்டவில்லை என்றால் உள்ளே காய்ந்த குச்சிகள் நிறைந்துவிடும். "மல்லிப் பந்தலுக்குப் பாம்பு வரும்" என்ற பயம் இங்கேதான் எழுகிறது. பூவின் வாசனை பாம்பை அழைப்பதில்லை. அடர்ந்த புதரின் அடியில் குளிர்ச்சி இருக்கும், எலியும் தவளையும் ஒண்டும், அவற்றைத் தேடித்தான் பாம்பு வருகிறது. அடிப்பகுதியில் ஓரடி உயரத்துக்குக் கிளைகளை நீக்கி, தரை தெரியும்படி கூட்டி வைத்தால் எந்த மல்லியையும் பயமில்லாமல் வளர்க்கலாம்.

முல்லை வேறு மாதிரி. இது ஏறுவதற்கு ஏதாவது வேண்டும். பாரி தன் தேரை விட்டுவிட்டு வந்தது இந்தக் கொடி பற்றிக்கொள்ள ஒன்றுமில்லாமல் தவித்ததைப் பார்த்துத்தானே. ஆவடிக்குப் பக்கத்தில் உள்ள திருமுல்லைவாயில் தலபுராணத்திலும் தொண்டைமானின் யானைக் காலில் சுற்றிக்கொண்டது முல்லைக்கொடிதான். வீட்டில் தேர் வேண்டியதில்லை. நாலு சவுக்குக் கம்பும் மேலே கொஞ்சம் கம்பியும் போதும், பந்தல் ஆகிவிடும். பூ சிறியது, அரும்பு ஒல்லியானது. ஒரு முழம் தொடுக்கக் குண்டுமல்லியைவிட நிறையப் பூ வேண்டும், பொறுமையும் வேண்டும். மாலையில் விரியும்போது வரும் வாசனை மெல்லியது. குண்டுமல்லியின் வாசனையில் தலைவலி வருகிறது என்பவர்கள் வீட்டில் ஒருவராவது இருப்பார்கள், அவர்களுக்கு முல்லை ஒத்துக்கொள்ளும். இலைகளிலும் இளம் தண்டிலும் வெள்ளைப் பஞ்சு ஒட்டியதுபோல வருவது ஒரு சிலந்திப் பேனின் வேலை, முல்லைக்கு அது பெரிய தொந்தரவு. கோவை வேளாண் பல்கலைக்கழகம் உருவாக்கிய பாரிமுல்லை என்ற ரகம் அதைத் தாங்கி நிற்கும். கிடைத்தால் அதையே வாங்குங்கள்.

இரண்டில் எது என்று என்னைக் கேட்டால், பந்தல் போட இடமும் மாலையில் அதன் கீழே உட்கார நேரமும் உள்ளவர்களுக்கு முல்லை. பூ நிறைய வேண்டும், தொடுக்க வேண்டும் என்பவர்களுக்கு ஜாதிமல்லி. இரண்டையும் ஒரே சுவரில் விடாதீர்கள். ஜாதிமல்லி முல்லையை மூடிவிடும்.

காக்கடாவைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. சில ஊர்களில் கொடிமல்லி, சில ஊர்களில் காக்கரட்டான். வாசனை இல்லை என்றே சொல்லலாம். பூச்சந்தையில் மல்லி விலை ஏறும்போது அதன் இடத்தை நிரப்புவது இது. அதனால் இளக்காரமாகப் பார்க்கப்படுகிறது, அது சரியில்லை. குண்டுமல்லி ஓய்ந்துபோகும் குளிர்காலத்தில்தான் காக்கடா வெள்ளை வெளேர் என்று பூக்கும். சாமி படத்துக்குத் தினமும் நாலு வெள்ளைப் பூ வேண்டும் என்ற வீட்டில், குண்டுமல்லியோடு ஒரு காக்கடாவும் இருந்தால் வருடம் பூராவும் சமாளிக்கலாம். ஆண்டு முழுவதும் பூக்கும் வகையாகக் கோவைப் பல்கலைக்கழகமே வெளியிட்ட நட்சத்திர மல்லிகை கோ 1 என்ற ரகமும் இருக்கிறது, அதற்கு லேசான மணமும் உண்டு. நித்தியமல்லி என்ற பெயரில் விற்கப்படுவதை மட்டும் பூவைப் பார்க்காமல் வாங்க வேண்டாம். கடைக்குக் கடை வேறு வேறு செடியை அந்தப் பெயரில் கொடுக்கிறார்கள்.

இனி பவளமல்லி. பூ தொடுக்க நேரமில்லை, கவாத்து, மருந்து என்று மெனக்கெட முடியாது, ஆனால் வீட்டு வாசலில் வாசனை வேண்டும் என்பவர்களுக்கு இதைத்தான் சொல்வேன். இது செடியாகத் தொடங்கிச் சிறு மரமாகும். நட்டு, முதல் வருடம் தண்ணீர் காட்டிவிட்டால் பிறகு தானே பார்த்துக்கொள்ளும். நாலைந்து மணி நேர வெயிலே போதும். இருட்டிய பிறகு விரிந்து, விடியும் முன்பே உதிரத் தொடங்கிவிடும். ஆவணி முதல் கார்த்திகை வரை காலையில் கதவைத் திறந்தால் மரத்தடி முழுக்க வெள்ளை இதழும் ஆரஞ்சுக் காம்புமாகக் கிடக்கும். கீழே விழுந்த பூவைச் சாமிக்கு வைக்கக்கூடாது என்று எல்லாப் பூவுக்கும் சொல்லும் நம் வீடுகளில், பவளமல்லிக்கு விலக்கு உண்டு. திருக்களர் பாரிஜாதவனேசுவரர் கோயிலின் தலமரமே இதுதான். காம்பின் ஆரஞ்சு நிறத்திலிருந்து முன்பு பட்டுக்குச் சாயம் எடுத்தார்கள். வங்காளத்தில் இதற்கு சியூலி என்று பெயர், மேற்கு வங்கத்தின் மாநில மலரும் இதுவே. அவர்களுக்கு இது பூத்தால் துர்கா பூஜை நெருங்கிவிட்டது என்று பொருள்.

இதில் ஏமாற்றம் எங்கே வரும் என்றால், தலைக்கு வைக்கலாம் என்று நினைத்து வாங்குபவர்களுக்கு. ஊசியில் கோத்துச் சாமிக்குப் போடலாம், அவ்வளவுதான். வெயில் ஏறுவதற்குள் இதழ் சுருண்டுவிடும். இலை உப்புத்தாள் போலச் சொரசொரப்பாக இருக்கும், உதிரவும் செய்யும், தினமும் கூட்ட வேண்டும். காய் தட்டையாக இருக்கும், அதிலிருந்து விழும் விதைகள் மரத்தடியில் முளைக்கும். அந்தக் கன்றுகளைக் கேட்டு வாங்கினால் காசு கொடுத்து வாங்க வேண்டியதில்லை. பெரிய டிரம்மில் வைத்து வெட்டி வெட்டி ஆறடிக்குள் நிறுத்தவும் முடியும், ஆனால் மண்ணில் நிற்கும் மரம் கொடுக்கும் அளவுக்குப் பூ அதில் கிடைக்காது.

மரமல்லியை வீட்டு மனையில் வைக்காதீர்கள். ஐப்பசி, கார்த்திகையில் அதன் நீண்ட வெள்ளைக் குழல் பூக்கள் தெரு முழுக்க விழுந்து கிடப்பதைப் பார்த்தால் யாருக்கும் ஆசை வரும், அது நியாயமான ஆசைதான். ஆனால் 20 மீட்டர் வரை போகக்கூடிய மரம் அது. கட்டை உறுதியற்றது, காற்றில் கிளை முறியும். வேர் மேலாக ஓடி அங்கங்கே பக்கக் கன்றுகளை விடும். முப்பதுக்கு நாற்பது மனையில், சுவருக்கும் கரண்ட் கம்பிக்கும் நடுவே அதற்கு இடமில்லை. பூங்காவிலும் கல்லூரி வளாகத்திலும் ஏரிக்கரையிலும் வைக்கச் சொல்லுங்கள், அங்கே போய் முகரலாம்.

ரங்கூன் மல்லி கேட்டுக்கு மேலே வளைவாக ஏற்ற அழகான கொடி. மாலையில் வெள்ளையாக விரியும் பூ மறுநாள் இளஞ்சிவப்பாகி, பிறகு சிவந்துவிடும். ஒரே கொத்தில் மூன்று நிறமும் தொங்கும். வாசனையும் உண்டு. ஆனால் கொடி கனமாகும், மூங்கில் கம்பு தாங்காது, இரும்பு வளைவுதான் வேண்டும். பூஜைக்கோ தலைக்கோ இது பயன்படாது. பார்க்கவும் முகரவும் மட்டும்தான்.

ஆன்லைனில் வாங்குபவர்களுக்குத் தனியாக ஒரு எச்சரிக்கை. "நைட் ஜாஸ்மின்" என்ற ஆங்கிலப் பெயரில் பவளமல்லியும் விற்கிறார்கள், செஸ்ட்ரம் நாக்டர்னம் என்ற இன்னொரு செடியையும் விற்கிறார்கள். இரண்டாவதை நம் ஊரில் இரவு ராணி, நைட் குயின் என்பார்கள். அது கத்தரி, தக்காளிக் குடும்பம். ராத்திரி அதன் வாசனை நெடியாக அடிக்கும், படுக்கையறை ஜன்னலுக்கு அருகே வைத்தால் தூக்கம் கெடும். அதன் காயும் இலையும் நச்சு. தவழும் குழந்தையோ, எதையும் மென்று பார்க்கும் நாயோ வீட்டில் இருந்தால் வேண்டாம். இதேபோல "ஸ்டார் ஜாஸ்மின்" என்று வருவது சில நேரம் காக்கடா வகை, சில நேரம் அரளிக் குடும்பத்தைச் சேர்ந்த டிராக்கிலோஸ்பெர்மம் என்ற கொடி. கிள்ளினால் பால் வடிகிறதா என்று பாருங்கள். பால் வடிந்தால் அது மல்லிகையே இல்லை.

நர்சரியில் கன்று வாங்கும்போது பூ இருக்காது, ஆகவே இலையைப் பார்க்கப் பழக வேண்டும். குண்டுமல்லியின் இலை தனி இலை, அகலமானது, பளபளப்பானது, எதிரெதிரே அல்லது மும்மூன்றாக இருக்கும். ஜாதிமல்லிக்கு ஒரே காம்பில் ஏழு, ஒன்பது என்று சிற்றிலைகள், நுனிச் சிற்றிலை மட்டும் பெரியது. முல்லையில் ஒரு இலை பெரிதாகவும், அதன் அடியில் காது மாதிரி இரண்டு குட்டி இலைகளும் இருக்கும். சில இலைகளில் அந்தக் குட்டிகள் இல்லாமலும் போகலாம், அதனால் செடி முழுவதையும் பாருங்கள். காக்கடாவின் இளந்தண்டில் மென்மையான முடி இருக்கும். பவளமல்லி இலையைக் கண்ணை மூடித் தடவினாலே தெரிந்துவிடும்.

வாடகை வீடு, மொட்டை மாடி மட்டும்தான் என்றால் பதினான்கு அங்குலத் தொட்டியில் இரண்டு குண்டுமல்லி, ஒரு காக்கடா. வீடு மாறும்போது கூடவே எடுத்துப் போகலாம். பால்கனியில் வெயில் குறைவு என்றால் மல்லி ஆசையைக் கொஞ்சம் தள்ளி வைத்துவிட்டு வேறு செடி பாருங்கள். நிழலில் நன்றாகப் பூக்கும் மல்லி என்று எதையும் என்னால் சொல்ல முடியாது. சொந்த வீடு, முன்னால் ஒரு துண்டு மண் இருக்கிறது, வேலைக்குப் போகிறவர்கள் என்றால் பவளமல்லி ஒன்று போதும். வீட்டில் தினமும் பூ வைக்கும் அம்மாவோ பாட்டியோ இருந்து, கொல்லைப்புறமும் இருந்தால் ஜாதிமல்லி. அவர்களுக்கு உட்கார்ந்து தொடுக்க வேலையும் கிடைக்கும், அக்கம்பக்கத்துக்குக் கொடுக்கப் பூவும் மிஞ்சும்.

நடுவதற்கு ஆடி தொடங்கி ஐப்பசி வரை நல்ல காலம். மழை ஈரத்தில் வேர் பிடித்துவிடும். பூத்துக் குலுங்கும் கன்றைத் தேடாதீர்கள், அடியிலிருந்து மூன்று நான்கு கிளை பிரிந்த, இலையின் பின்புறம் சுத்தமாக உள்ள கன்றாகப் பார்த்து எடுங்கள். குண்டுமல்லியாக இருந்தால் முதல் வருடம் வரும் மொட்டுகளைக் கிள்ளி விட்டுவிடுங்கள். மனசு வராதுதான், ஆனால் இரண்டாம் வருடம் செடி அடர்ந்து பூக்க அது உதவும்.